பாட்டு எங்கிருந்து வந்தது என்று சொல்லிப் பாடுங்கள்

திருவண்ணாமலையில் பக்தி இசை மேடை ஏறும் இன்னிசைக் குழுக்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள பாடகர்களுக்கும், கீபோர்டு, தபேலா, ரிதம் பேட் வாசிக்கும் நண்பர்களுக்கும், மைக் பிடித்து நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்குபவர்களுக்கும் வணக்கம்.

பௌர்ணமி இரவுகளிலும் கார்த்திகை தீபத்தையொட்டிய நாட்களிலும் உங்கள் பாட்டைக் கேட்டே பழகிய உள்ளூர்க்காரன் நான். மலையைச் சுற்றி 14 கிலோமீட்டர் நடக்கிறவர்களுக்கு உங்கள் குரல் எவ்வளவு பெரிய துணை என்பது எனக்குத் தெரியும். நள்ளிரவு தாண்டி, கால் வீங்கி, நிருதி லிங்கத்துப் பக்கம் ஓரமாக உட்கார்ந்துவிட்ட வயதானவர்களைத் திரும்ப எழுந்து நடக்க வைப்பது பல நேரம் தூரத்தில் கேட்கும் ஒரு பாட்டுதான். அந்த மரியாதையோடுதான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன். கேட்க வந்தது ஒரே ஒரு பாட்டைப் பற்றி: ‘பிச்சைப் பாத்திரம்’.

அதைப் பாடாத மேடையை நான் இங்கே பார்த்ததில்லை. “அடுத்து, நான் கடவுள் திரைப்படத்திலிருந்து” என்று அறிவிப்பு வரும். கூட்டம் கைதட்டும். அறிவிப்பில் பொய் ஒன்றும் இல்லை. பாலா இயக்கி 2009 பிப்ரவரியில் வெளிவந்த அந்தப் படத்தில், இளையராஜாவின் இசையில், மது பாலகிருஷ்ணன் குரலில் அந்தப் பாட்டு இருக்கிறது. ஆனால் அந்தப் பாட்டு அங்கே பிறக்கவில்லை. படத்துக்கு முன்பே, ‘ரமண மாலை’ என்ற தொகுப்புக்காக இளையராஜா அதை எழுதி, மெட்டமைத்து, தன் குரலிலேயே பாடியிருந்தார். ரமண மகரிஷிக்கு ஒரு பக்தர் சாத்திய மாலையில் ஒரு பூ அது. பதிவு எந்த ஸ்டுடியோவில் நடந்திருந்தாலும், அது போய்ச் சேர வேண்டிய விலாசம் செங்கம் சாலையில் இருக்கிற ஆசிரமம். அதாவது, நீங்கள் மேடை போட்டிருக்கும் இடத்திலிருந்து நடந்து போகிற தூரம்.

இந்த ஊரிலேயே அந்தப் பாட்டை வெறும் சினிமாப் பாட்டாக அறிவிக்கிறோமே என்பதுதான் என் வருத்தம்.

படத்தில் வந்த வடிவம் மட்டம் என்று நான் சொல்ல வரவில்லை. அப்படிச் சொன்னால் அது அநியாயம். இரண்டையும் ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டுப் பாருங்கள். முதல் பதிவில் பாடுகிறவரே பிச்சை கேட்கிறார். எழுதியவரும் அவர், மெட்டுப் போட்டவரும் அவர், கையேந்தி நிற்பவரும் அவர். குரலில் மெருகு இல்லை. மெருகுக்கு அங்கே வேலையும் இல்லை. இந்த உடம்பே ஒரு பிச்சைப் பாத்திரம் என்கிற எண்ணம், தன் உடம்பைப் பற்றித் தானே சொல்லிக்கொள்ளும் ஒருவருடையதாக வருகிறது. படத்தில் அதே சொற்கள், அதே மெட்டு. ஆனால் மது பாலகிருஷ்ணனின் ஆழமான, பயிற்சி பெற்ற குரல் தனக்காகக் கேட்கவில்லை. திரையில் நாம் பார்க்கும் மனிதர்களுக்காகக் கேட்கிறது. கோயில் வாசலில் உட்கார வைக்கப்பட்டவர்கள், கை கால் விளங்காதவர்கள், விற்கப்பட்டவர்கள். ஜெயமோகனின் ‘ஏழாம் உலகம்’ நாவலை ஓரளவு ஆதாரமாகக் கொண்ட படம் அது, வசனமும் அவர்தான். பாலாவுக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது கிடைத்ததும் அந்தப் படத்துக்காகத்தான். ஆன்மா இறைவனிடம் கேட்ட பிச்சை, அங்கே வயிறு மனிதனிடம் கேட்கிற பிச்சையாகவும் ஆகிவிட்டது. ஒரு பாட்டு மறுபடி பாடப்படும்போது இப்படிப் புதுப் பொருள் பெறுவது அபூர்வம். அந்தப் புதுப் பொருளைக் கொடுத்தவரும் அதே இசையமைப்பாளர்தான் என்பது இன்னும் அபூர்வம்.

ராகத்தையும் கவனியுங்கள். மாயாமாளவகௌளை. சரளி வரிசை கற்கப்போன எல்லாக் குழந்தையும் முதல் நாள் வாய் திறந்த ராகம். உங்களில் முறையாகப் பாட்டுப் படித்தவர்கள் எல்லோரும் அங்கிருந்துதான் தொடங்கியிருப்பீர்கள். ஆயிரம் ராகம் தெரிந்த ஒரு மனிதர், கையேந்தும் பாட்டுக்கு ஆரம்பப் பாட ராகத்தை எடுத்தது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை. தெரிந்ததையெல்லாம் கழற்றி வைத்துவிட்டு வந்து நிற்கிற நிலை அது. அதனால்தான் அந்தப் பாட்டில் கூடுதல் சங்கதி போடும்போது என் காது கூசுகிறது.

மேடையில் நடப்பதைச் சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். பல்லவி முடிவதற்குள் ரிதம் பேடில் அடி ஏறிவிடுகிறது. “எல்லாரும் கைதட்டுங்க” என்கிறார் தொகுப்பாளர். இரண்டாம் சரணம் நேரம் போதவில்லை என்று வெட்டப்படுகிறது. பாடுகிறவர் தன் குரலை விட்டுவிட்டு மது பாலகிருஷ்ணனின் கனத்தைத் தொண்டையில் வரவழைக்கப் பார்க்கிறார். கரோக்கி ட்ராக்கில் பாடுபவர்களுக்கு வேறு வழியே இல்லை. ட்ராக் படத்து வடிவத்தின் நகல், அதன் ஸ்கேலிலேயே ஓட வேண்டும். கடைசியில் ரமண மாலையும் இல்லை, நான் கடவுளும் இல்லை. பக்கத்து மாவட்டக் குழு எப்படிப் பாடியதோ அதைப் பார்த்துப் பாடியது மட்டும் மிஞ்சுகிறது.

இது நம் ஊரில் மட்டும் நடக்கிற காரியம் அல்ல. அமெரிக்காவில் கறுப்பின மக்களிடமிருந்து வந்த ரிதம் அண்ட் ப்ளூஸ் இசையில் ‘ஹவுண்ட் டாக்’ என்றொரு பாட்டு. ஜெர்ரி லீபர், மைக் ஸ்டோலர் என்ற இரண்டு இளைஞர்கள் பிக் மாமா தார்ன்டன் என்ற பாடகிக்கென்றே எழுதியது. 1953ல் வெளியாகி ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் 7 வாரம் முதலிடத்தில் இருந்தது. மூன்று ஆண்டு கழித்து எல்விஸ் பிரெஸ்லி அதைப் பாடினார். 11 வாரம் முதலிடம், உலகம் முழுக்கப் பேர். ஆனால் எல்விஸ் தன் பாணிக்கு எடுத்துக்கொண்டது தார்ன்டனின் பதிவை அல்ல. லாஸ் வேகாஸில் ஒரு கேளிக்கை இசைக்குழு அதை வேடிக்கைப் பாட்டாக, சொற்களை மாற்றிப் பாடிக்கொண்டிருந்தது. அந்த வடிவம்தான் அவர் மேடைக்குப் போனது. ஒரு பெண் ஓர் ஆணைப் பார்த்து ஆத்திரத்தோடு பாடிய பாட்டின் அர்த்தமே நடுவில் எங்கோ நழுவிவிட்டது. தனக்குக் கிடைத்தது ஒரே ஒரு 500 டாலர் காசோலைதான் என்று தார்ன்டன் பின்னாளில் சொன்னார். உங்கள் தொழிலில் இருக்கிறவர்களுக்கு அந்த வார்த்தையின் வலி நான் சொல்லிப் புரிய வேண்டியதில்லை.

அதே நாட்டில் இன்னொரு விதமாகவும் நடந்திருக்கிறது. ஓட்டிஸ் ரெட்டிங் 1965ல் எழுதிப் பாடிய ‘ரெஸ்பெக்ட்’ பாட்டை 1967ல் அரேத்தா ஃபிராங்க்ளின் எடுத்துப் பாடினார். வேலை முடிந்து வீடு திரும்பும் ஆணின் குரல், தன் மரியாதையைக் கேட்டு வாங்கும் பெண்ணின் குரலாக மாறியது. சகோதரிகளைப் பின்னணியில் பாடவைத்து, பாட்டின் எலும்பையே மாற்றி அமைத்தார் அவர். அந்த ஆண்டு ஜூன் மாதம் மான்டெரே விழா மேடையில் ஓட்டிஸ் அந்தப் பாட்டைத் தொடங்கும் முன், இதை ஒரு பெண், என் நல்ல தோழி, என்னிடமிருந்து எடுத்துக்கொண்டுவிட்டாள் என்று கூட்டத்திடம் சிரித்துக்கொண்டே சொன்னார். அதே டிசம்பரில் விமான விபத்தில் இறந்துபோனார். மேடையில் அவர் சொன்ன அந்த ஒரு வரி போதும். பாட்டின் இரண்டு சொந்தக்காரர்களும் கேட்பவர் மனதில் உட்கார்ந்துவிட்டார்கள். நான் உங்களிடம் கேட்பது அந்த ஒரு வரியைத்தான்.

நம் ஊருக்கு வருகிறேன். அசல் தொலைந்து நகல் மட்டும் நிற்பது என்றால் என்ன என்பதை இந்த ஊரைவிட நன்றாக அறிந்த ஊர் இல்லை.

அருணகிரிநாதர் நம்மவர். ‘முத்தைத்தரு’ என்று தொடங்கும் திருப்புகழ் இந்தக் கோயிலில்தான் அவர் வாயிலிருந்து முதன்முதலாக வந்தது என்பது நாம் எல்லோரும் கேட்டு வளர்ந்த வரலாறு. இன்று அதை எந்த மெட்டில் பாடுகிறீர்கள்? 1964ல் வெளிவந்த ‘அருணகிரிநாதர்’ படத்தில் டி.எம்.எஸ். தானே அருணகிரியாக நடித்துப் பாடினாரே, அந்த மெட்டில். மூச்சு விடாமல் பாடி முடித்தால் கூட்டம் ஆரவாரம் செய்யும், டி.எம்.எஸ். உழைப்புக்கு அந்த ஆரவாரம் தகும். ஆனால் அருணகிரி பாடிய மெட்டு எது? யாருக்கும் தெரியாது. பதினைந்தாம் நூற்றாண்டுக் குரலைப் பிடித்து வைக்கக் கருவி இல்லை. பாடல்களே பெரும்பாலும் போய்விட்டன. பதினாறாயிரம் பாடினார் என்பார்கள். கிடைத்தவை ஆயிரத்து முந்நூற்றுச் சொச்சம். அதுவும் வடக்குப்பட்டு த. சுப்பிரமணிய பிள்ளை என்ற ஒரு மனிதர் ஊர் ஊராக ஏடு தேடி, 1894லும் 1901லும் அச்சில் கொண்டுவந்ததால் கிடைத்தவை. அவர் தேடப் போனதற்குக் காரணம், நீதிமன்றத்தில் ஒரு வழக்கில் யாரோ மேற்கோள் காட்டிய ஒரு திருப்புகழ் அடி அவர் காதில் விழுந்தது. ஒருவர் சரியாகச் சொன்னதால் இன்னொருவர் தேடினார்.

ஆனாலும் அருணகிரி ஒன்றை விட்டுப் போயிருக்கிறார். மெட்டு போனாலும் தாளம் போகவில்லை. குறிலும் நெடிலும் வல்லினமும் மெல்லினமுமாகச் சொல்லுக்குள்ளேயே சந்தத்தைப் பூட்டி வைத்துவிட்டார். ஏட்டைப் பார்த்து உரக்க வாசித்தாலே தபேலாக்காரருக்கு நடை பிடிபட்டுவிடும். டி.எம்.எஸ். பாடியதும், பஜனை மடங்களில் பாடுவதும், நீங்கள் பாடுவதும் மெட்டில் வேறுபட்டாலும் நடையில் ஒன்றாக இருப்பது அதனால்தான். அசல் பதிவு இல்லாத காலத்தில் ஒரு கவிஞர் தன் பாட்டைக் காப்பாற்றக் கண்டுபிடித்த வழி அது என்று எனக்குத் தோன்றும்.

‘பிச்சைப் பாத்திரம்’ விஷயத்தில் நமக்கு அந்தச் சாக்குக் கிடையாது. முதல் பதிவு இருக்கிறது. கைப்பேசியில் தேடினால் ஒரு நிமிடத்தில் கேட்கலாம். கேட்காமல் விடுவது நம் அலட்சியம் தவிர வேறில்லை.

அந்தப் பாட்டு ரமணருக்குச் சூட்டப்பட்டதில் இன்னொரு பொருத்தம் உண்டு. 1896 செப்டம்பர் 1ஆம் தேதி இந்த ஊரில் வந்து இறங்கிய அந்தப் பதினாறு வயதுப் பையன், குருமூர்த்தத்தையும் மாந்தோப்பையும் விட்டு வந்தபின் சில நாள் தங்கியது அய்யங்குளத்துக் கரையிலிருக்கும் அருணகிரிநாதர் கோயிலில். அங்கே இருந்துதான் தன் சாப்பாட்டைத் தானே பிச்சை எடுத்துக்கொள்ளத் தொடங்கினார். வீட்டு வாசலில் நின்று கையைத் தட்டுவார். யாராவது வந்து கொடுத்தால் இரண்டு கையையும் சேர்த்து ஏந்தி, அங்கேயே நின்று உண்டுவிட்டுப் போய்விடுவார். ஓடும் இல்லை, தட்டும் இல்லை. உடம்பே பிச்சைப் பாத்திரம் என்று ஒரு பாட்டில் எழுதும்போது இளையராஜா மனதில் இது இருந்ததா என்று எனக்குத் தெரியாது. அய்யங்குளத் தெருக்களுக்குத் தெரியும். இனி அந்தப் பக்கம் ஆட்டோவில் ஸ்பீக்கர் பெட்டியை ஏற்றிக்கொண்டு போகும்போது ஒரு நிமிடம் நின்று பாருங்கள்.

பிறகு விரூபாட்ச குகையில் இருந்த காலத்தில் அவருடைய அடியார்கள் ஊருக்குள் பிச்சைக்கு வருவார்கள். குகையை விட்டுக் கிளம்பும்போது சங்கு ஊதுவார்கள். அடிவாரத்தில் மறுபடி ஊதுவார்கள். தெருவில் நுழையும்போது இன்னொரு முறை. வீடுகளில் சோற்றோடு காத்திருப்பார்கள். போகும்போது பாட எங்களுக்கென்று ஒரு பாட்டு வேண்டும் என்று அடியார்கள் அவரிடம் கேட்டார்கள். பழைய பாட்டுகள்தான் எத்தனையோ இருக்கின்றனவே என்று முதலில் மறுத்துவிட்டார். விடாமல் கேட்டார்கள். பிறகு ஒருநாள் மலையைச் சுற்றி வரும்போது அவரிடமிருந்து வந்ததுதான் ‘அருணாசல அட்சரமணமாலை’. அகர வரிசையில் 108 கண்ணி. இன்றைக்கு ஆசிரமத்தில் பக்தியோடு பாடப்படும் அந்தப் பெரிய பாடல், சோற்றுக்குப் போகிறவர்கள் தெருவில் பாடுவதற்காகப் பிறந்தது. நீங்கள் பாடும் பாட்டுக்கு மூத்த பாட்டு அது. இந்த ஊரின் தெருவிலேயே பாடிக் கேட்ட பிச்சைப் பாட்டு.

அதோடு நின்றதா? வடக்கேயிருந்து வந்து இந்த ஊரிலேயே தங்கி, 2001ல் மறைந்த யோகி ராம்சுரத்குமார் கடைசிவரை தன்னைப் பிச்சைக்காரன் என்றே சொல்லிக்கொண்டார். கையில் கொட்டாங்குச்சியும் பனையோலை விசிறியும். விசிறி சாமியார் என்றால் உங்களில் மூத்தவர்களுக்கு முகம் நினைவுக்கு வரும். இன்றும் கிரிவலப் பாதை ஓரத்தில் காவித் துணியோடு உட்கார்ந்திருப்பவர்களில் எவர் துறவி, எவர் வீட்டால் கைவிடப்பட்டவர் என்று பார்த்த மாத்திரத்தில் சொல்ல முடியாது. இந்த ஊரில் பிச்சை என்பது ஞானமாகவும் இருக்கிறது, பசியாகவும் இருக்கிறது. ரமண மாலைப் பதிவு ஒன்றைப் பாடுகிறது. நான் கடவுள் பதிவு மற்றதையும் சேர்த்துப் பாடுகிறது. இரண்டும் நமக்கு வேண்டும் என்று நான் பிடிவாதமாகச் சொல்வது அதனால்தான்.

உரிமம், ராயல்டி சண்டைகளுக்குள் நான் போகவில்லை. 2017ல் எஸ்.பி.பி.க்கே இளையராஜா தரப்பிலிருந்து நோட்டீஸ் போன சமயத்தில் உங்களில் பலர் பயந்ததும், அதைப் பற்றிப் பேசிப் பேசி ஓய்ந்ததும் தெரியும். ஒன்றை மட்டும் சொல்கிறேன். பாட்டை மறுபடி பாடிப் பதிவாக வெளியிடுகிறவர்களுக்கு 2012ல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டம் ஒரு கடமை வைத்திருக்கிறது: அந்தப் பிரிவின்கீழ் செய்த பதிவு மறுபாடல் என்பதை உறையிலேயே தெரிவிக்க வேண்டும், வாங்குகிறவரைக் குழப்பக் கூடாது. மேடைக்கு அந்த விதி பொருந்தாது. மேடையில் உறை கிடையாது. தொகுப்பாளரின் வாய்தான் உறை.

ஆகவே தொகுப்பாளர்களே, அடுத்த பௌர்ணமியிலிருந்து இப்படிச் சொல்லுங்கள்: “இளையராஜா எழுதி, இசையமைத்து, ரமண மகரிஷிக்காக ரமண மாலைத் தொகுப்பில் தானே பாடியது, பிறகு நான் கடவுள் படத்தில் மது பாலகிருஷ்ணன் பாடியது.” பத்து விநாடி ஆகாது. ஆந்திராவிலிருந்தும் பெங்களூரிலிருந்தும் வரும் பக்தர்கள்கூட ரமணர் பெயரைக் கேட்டதும் நிமிர்ந்து உட்காருவார்கள்.

வாத்தியக்காரர்களே, பல்லவிக்கு ரிதம் பேடைத் தொடாதீர்கள். சுருதி மட்டும் நிற்கட்டும். முதல் சரணத்தில் தபேலா மெல்ல நுழைந்தால் போதும். ட்ராக்கை நம்பியிருக்கும் சிறிய குழுக்கள் இந்த ஒரு பாட்டுக்காவது ட்ராக்கை அணைத்துவிட்டு ஆர்மோனியத்தோடு பாடிப் பாருங்கள். பாடகர்களே, உங்களுக்கு ஒத்துவரும் கட்டையில், உங்கள் சொந்தக் குரலில் பாடுங்கள். இரண்டு சரணத்தையும் பாடுங்கள். நேரம் போதாது என்றால் வேறு ஏதாவது ஒரு பாட்டை விடுங்கள். மேடையில் விடத்தக்க பாட்டுகள் நிறைய இருக்கின்றன. கைதட்டச் சொல்லாதீர்கள். அந்தப் பாட்டு ஓடும்போது நிதி வசூலுக்கு உண்டியல் தட்டை அனுப்பாதீர்கள். ஓரத்தில் உட்கார்ந்திருக்கும் சாமியார்களையும் முதியவர்களையும் கேமராவில் பிடித்துத் திரையில் காட்டாதீர்கள். அவர்கள் உங்களிடம் அனுமதி கொடுக்கவில்லை.

மேடை ஏற்பாடு செய்யும் விழாக் குழுவினருக்கும் ஒரு வார்த்தை. பாட்டுப் பட்டியலை வேகமான பாட்டுகளாக நிரப்பச் சொல்லி இந்தக் கலைஞர்களை நெருக்காதீர்கள். விடிய விடியப் பாடுகிறவர்கள் அவர்கள். மெதுவான பாட்டு தொண்டைக்கும் கேட்பவர் காலுக்கும் ஓய்வு.

உங்களுக்குள் ஒரு பாடகர் குழுவாவது, வருகிற கார்த்திகை தீப நாட்களில் அட்சரமணமாலையிலிருந்து சில கண்ணிகளைப் பாடி, அதைத் தொடர்ந்து ‘பிச்சைப் பாத்திரம்’ பாட்டை அதன் முதல் வடிவத்தில் பாட வேண்டும் என்பது என் விண்ணப்பம். எந்த இடம், எத்தனை மணி என்பதை முன்கூட்டியே சுவரொட்டியில் போடுங்கள். கேட்க ஆள் சேர்ப்பது என் பொறுப்பு.

அன்புடன்,
மேடைக்கு முன்னால் உட்காரும் ஒரு திருவண்ணாமலைக்காரன்